கிராண்ட்மாஸ்டர்கள் எப்படி உருவாகிறார்கள்? சுங்கை சிப்புட் பெற்றோர் கேட்கும் கேள்விகளும் என் பதில்களும்

மலேசியாவின் சுங்கை சிப்புட்டில் நான் நடத்தும் சனிக்கிழமை சதுரங்க வகுப்பு முடிந்ததும் பிள்ளையை ஏற்றிப்போக வரும் பெற்றோர்கள் வாசலில் மோட்டாரை அணைக்காமலே கேட்கும் கேள்விகள் இவை. 2024 டிசம்பரில் சிங்கப்பூரில் சென்னைப் பையன் குகேஷ் உலகச் சாம்பியன் ஆனதிலிருந்து வாட்சாப்பிலும் வர ஆரம்பித்துவிட்டன. எல்பில், ஹீவூட் பக்கத்துத் தோட்டங்களிலிருந்து வரும் குடும்பங்களும் சரி, டவுனில் தாமான் வீடுகளில் இருப்பவர்களும் சரி, கேட்பது ஏறக்குறைய ஒன்றுதான். வாசலில் இரண்டு நிமிடத்தில் சொல்லி முடிக்கிற விஷயம் இல்லை என்பதால் ஒரே இடத்தில் எழுதி வைக்கிறேன்.

கிராண்ட்மாஸ்டர் என்றால் உலகச் சாம்பியனா?

இல்லை. உலகச் சாம்பியன் ஒரு நேரத்தில் ஒருவர்தான், அவரை இன்னொருவர் தோற்கடித்தால் பட்டம் கைமாறும். கிராண்ட்மாஸ்டர் பட்டத்தைக் கொடுப்பது ஃபிடே என்ற உலகச் சதுரங்கச் சம்மேளனம். வாங்கிவிட்டால் ஆயுளுக்கும் உண்டு, வயதாகி ஆட்டம் தளர்ந்தாலும் பெயருக்கு முன்னால் நிற்கும். 1950-ல் முதன்முதலாக 27 பேருக்குக் கொடுத்தார்கள்.

அதற்குக் கீழே படிகள் இருக்கின்றன. ரேட்டிங், அதாவது ஆட்ட முடிவுகளை வைத்து ஒருவரின் பலத்தைக் காட்டும் புள்ளி, 2200 தொட்டால் கேண்டிடேட் மாஸ்டர், 2300-க்கு ஃபிடே மாஸ்டர். 2400-ம் மூன்று நார்மும் இருந்தால் இன்டர்நேஷனல் மாஸ்டர், 2500-ம் மூன்று நார்மும் இருந்தால் கிராண்ட்மாஸ்டர்.

அந்த நார்ம் என்பதுதான் புரியவில்லை, சார்.

இது புரிந்தால் மற்றதெல்லாம் புரிந்துவிடும், அதனால் கொஞ்சம் பொறுமையாகப் படியுங்கள்.

நார்ம் என்பது ஒரு குறிப்பிட்ட போட்டியில் கிராண்ட்மாஸ்டர் தரத்துக்கு ஆடியதற்கான சான்று. பொதுவாக அந்தப் போட்டியில் குறைந்தது 9 ஆட்டம் ஆடியிருக்க வேண்டும், எதிராளிகளின் சராசரி ரேட்டிங் 2380-க்குக் குறையக் கூடாது, அவர்களுக்கு எதிராக 2600 ரேட்டிங் உள்ளவர் ஆடுவதுபோல் ஆடியிருக்க வேண்டும். எதிராளிகளின் சராசரி சரியாக 2380 என்றால் 9 ஆட்டத்தில் 7 புள்ளி எடுக்க வேண்டிவரும், சராசரி கூடக் கூட எடுக்க வேண்டிய புள்ளி குறையும். இன்னொரு நிபந்தனை, எதிராளிகளில் குறைந்தது மூன்று பேர் ஏற்கெனவே கிராண்ட்மாஸ்டர்களாக இருக்க வேண்டும், வெளிநாட்டு ஆட்டக்காரர்களும் கலந்திருக்க வேண்டும். இப்படி மூன்று தடவை செய்து காட்ட வேண்டும், அதோடு ரேட்டிங்கும் ஒரு தடவையாவது 2500-ஐத் தொட்டிருக்க வேண்டும்.

கிராண்ட்மாஸ்டர் ஆக கிராண்ட்மாஸ்டர்களோடு உட்கார்ந்து ஆட வேண்டும் என்பதைக் கவனித்தீர்களா? வீட்டில் புத்தகத்தை எத்தனை முறை படித்தாலும், நம் மாவட்டத்தில் எல்லாரையும் ஜெயித்தாலும், அந்த மூன்று பேர் எதிரே வந்து உட்காராதவரை நார்ம் கிடையாது. ரேட்டிங்கும் அப்படித்தான். தன்னைவிட 200 புள்ளி குறைந்தவரோடு ஆடினால் நான்கில் மூன்று பங்கு புள்ளியை நீங்கள் எடுத்தே ஆக வேண்டும் என்று கணக்கு எதிர்பார்க்கிறது, எடுத்தாலும் ரேட்டிங் பெரிதாக ஏறாது, ஒன்றிரண்டு தவறவிட்டால் இறங்கும். ஒரே ஊர்ப் பிள்ளைகள் ஒருவரோடொருவர் ஆடிக்கொண்டே இருந்தால் அதே புள்ளிகள்தான் கைமாறிக்கொண்டிருக்கும். பெரிய ஆட்டக்காரர்களின் வாழ்க்கையைப் பார்த்து நான் தெரிந்துகொண்டதில் முதலாவது இதுதான்: பலமான எதிராளி கிடைக்கிற இடத்துக்கு யாரோ ஒருவர் அந்தப் பிள்ளையைத் தொடர்ந்து கூட்டிக்கொண்டு போயிருக்கிறார்.

மலேசியாவில் கிராண்ட்மாஸ்டர் இருக்கிறாரா?

இருக்கிறார். நாட்டின் முதல் கிராண்ட்மாஸ்டர் இயோ லி தியான், 1999-ல் பிறந்தவர். அவர் 2017-ல் ஜார்ஜியாவில் நடந்த உலகக் கோப்பைக்குத் தகுதி பெற்று முதல் சுற்றிலேயே முன்னாள் உலகச் சாம்பியன் ஆனந்தோடு மோதினார், தோற்றார். தோல்விதான், ஆனாலும் அந்த மேசைக்குப் போய்ச் சேர்வதற்கே எத்தனை ஆட்டம் ஆடியிருக்க வேண்டும் என்று பிள்ளைகளிடம் கேட்கிறேன்.

பிலிப்பீன்ஸ் நம்மைவிட ரொம்ப முன்னாலேயே தொடங்கிவிட்டது. யூஜின் டோரே 1974-ல் பட்டம் வாங்கினார், ஆசியாவின் முதல் கிராண்ட்மாஸ்டர் அவர்தான். நம் நாடு சதுரங்கம் அறியாத நாடு என்று நினைத்துவிடாதீர்கள். டத்தோ டான் சின் நாம் என்ற தொழிலதிபர் பல ஆண்டுகள் இந்த ஆட்டத்தை இங்கே ஆதரித்து வளர்த்தார். 1990-ல் கார்ப்போவும் டிம்மனும் ஆடிய கேண்டிடேட்ஸ் இறுதிச் சுற்று, அதாவது உலகச் சாம்பியனோடு மோதப்போவது யார் என்று முடிவு செய்யும் ஆட்டம், நடந்ததே கோலாலம்பூரில்தான். இங்கிருந்து ரயிலேறிப் போகிற தூரம்.

சென்னையிலிருந்து மட்டும் எப்படி இத்தனை பேர்? தமிழன் மூளையா?

இந்தக் கேள்வியைப் பெருமையோடு கேட்கிறார்கள், எனக்கும் அந்தப் பெருமை உண்டு. ஆனால் மூளைதான் காரணம் என்று ஒப்புக்கொள்ள மாட்டேன், ஏனென்றால் அப்படிச் சொன்னால் நம் பிள்ளைகள் ஏன் ஆகவில்லை என்பதற்குப் பதில் இருக்காது. ரத்தம் ஒன்றுதானே.

மேனுவல் ஆரோனிடமிருந்து தொடங்க வேண்டும். 1935-ல் பர்மாவில் பிறந்தவர், தமிழ்நாட்டில் வளர்ந்தார், ஒன்பது முறை இந்தியச் சாம்பியன். 1960-ல் நாடுகள் அணி அணியாக மோதும் ஒலிம்பியாட் லைப்சிக்கில் நடந்தபோது முன்னாள் உலகச் சாம்பியன் மாக்ஸ் ஊவேயைத் தோற்கடித்தார், 1961-ல் இந்தியாவின் முதல் இன்டர்நேஷனல் மாஸ்டர் ஆனார். அவர் முயற்சியில் 1972-ல் சென்னையில் சோவியத் கலாச்சார மையத்துக்குள் டால் செஸ் கிளப் தொடங்கியது. ரஷ்யப் புத்தகங்களும் பத்திரிகைகளும் அங்கே வந்தன, மாலையில் போனால் ஆடுவதற்கு ஆள் இருந்தது. சிறுவன் ஆனந்த் போய் ஆடிய இடம் அதுதான்.

ஆனந்த் 1988-ல் இந்தியாவின் முதல் கிராண்ட்மாஸ்டர் ஆனார். இரண்டாமவர் திபியேந்து பரூவா 1991-ல், மூன்றாமவர் பிரவீன் திப்சே 1997-ல். ஒன்பது ஆண்டில் மொத்தமே மூன்று பேர், அவ்வளவு பெரிய நாட்டில்! அப்புறம்தான் வெள்ளம். 2023 கடைசியில் வைஷாலி 84-வது ஆளாகச் சேர்ந்தார், 2025-ல் திவ்யா தேஷ்முக் 88-வது. மூளை திடீரென்று வளர்ந்துவிடவில்லை. வலுவான போட்டிகள் உள்ளூரிலேயே நடக்கத் தொடங்கின, பட்டம் வாங்கினவர்கள் பயிற்சியாளர்களாக உட்கார்ந்தார்கள். ஆர்.பி. ரமேஷ் 2002-ல் பிரிட்டிஷ் சாம்பியன் ஆனவர், கிராண்ட்மாஸ்டர், 2008-ல் இந்தியன் ஆயில் வேலையை விட்டுவிட்டு முழுநேரமாகப் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுக்க வந்துவிட்டார். அவர் மனைவி ஆர்த்தி ராமசாமியும் 18 வயதுக்குட்பட்ட பெண்கள் பிரிவில் உலகச் சாம்பியன் ஆனவர். பிரக்ஞானந்தா வளர்ந்தது ரமேஷிடம்.

சென்னையில் ஒரு பையன் பஸ் ஏறினால் கிராண்ட்மாஸ்டர் ஒருவரிடம் பாடம் கேட்கலாம், வாரக் கடைசியில் தன்னைவிடப் பலமான பத்துப் பேரோடு ஆடலாம். நம் ஊரில் அது இல்லை. நமக்கும் அவர்களுக்கும் உள்ள வித்தியாசம் அந்த இடத்தில்தான் இருக்கிறது என்று நான் நிச்சயமாக நம்புகிறேன்.

ஆனந்த் என்னென்ன ஜெயித்தார்? பிள்ளைகளுக்குச் சொல்ல ஒரு பட்டியல் வேண்டும்.

பட்டியலாகச் சொன்னால் மறந்துவிடுவார்கள், கதையாகச் சொல்லுங்கள்.

1969 டிசம்பர் 11-ல் பிறந்தார். ஆட்டம் சொல்லிக்கொடுத்தது அம்மா சுசீலா, ஆறு வயதில். அப்பாவின் ரயில்வே வேலை காரணமாகக் குடும்பம் சில காலம் மணிலாவில் இருந்தது. அங்கே மத்தியானத்தில் தொலைக்காட்சியில் சதுரங்க நிகழ்ச்சி ஒன்று வரும், பையன் பள்ளிக்கூடத்தில் இருப்பான், அம்மா உட்கார்ந்து அன்றைய ஆட்டங்களையும் புதிரையும் எழுதி வைப்பார், சாயங்காலம் இருவருமாக விடை கண்டுபிடித்து அனுப்புவார்கள். பரிசு ஒரு புத்தகம். வாராவாரம் பரிசு வாங்கி வாங்கி, கடைசியில் அவர்களே 'வேண்டிய புத்தகத்தை எடுத்துக்கொள், இனி விடை அனுப்பாதே' என்று சொல்லும் அளவுக்குப் போய்விட்டது. உலகச் சாம்பியனின் முதல் உதவியாளர் ஒரு நோட்டும் பேனாவும் வைத்திருந்த அம்மா என்பதை இங்கே உள்ள அம்மாக்களுக்கு நான் அடிக்கடி சொல்கிறேன்.

1987-ல் பிலிப்பீன்ஸின் பாகியோவில் உலக ஜூனியர் சாம்பியன். 1988-ல் கிராண்ட்மாஸ்டர், அதற்கான போட்டி நடந்தது கோயம்புத்தூரில். 1995-ல் நியூயார்க்கில் காஸ்பரோவிடம் உலகப் பட்டப் போட்டியில் தோல்வி, 1998-ல் லொசானில் கார்ப்போவிடமும் தோல்வி. இதைக் கட்டாயம் சொல்லுங்கள், ஏனென்றால் உலகப் பட்டம் அவருக்கு முதல் முயற்சியில் கிடைக்கவில்லை. 2000-ல் தெஹ்ரானில் ஷிரோவை வென்று ஃபிடே உலகச் சாம்பியன். 2007-ல் மெக்சிகோ சிட்டியில் எட்டுப் பேர் ஆடிய போட்டியில் ஒரு தோல்வி கூட இல்லாமல் மறுபடி சாம்பியன். 2008-ல் பான் நகரில் கிராம்னிக்கை நேருக்கு நேர் தோற்கடித்தார். நாக்-அவுட், எல்லாரும் எல்லாரோடும் ஆடுவது, இருவர் மோதல் என மூன்று விதமான போட்டியிலும் உலகப் பட்டம் எடுத்தவர் அவர்.

எனக்குப் பிடித்தது 2010. பல்கேரியாவின் சோபியாவில் அந்த நாட்டுக்காரர் தோப்பலோவோடு போட்டி. ஐஸ்லாந்தில் எரிமலை வெடித்து ஐரோப்பாவில் விமானங்கள் நின்றுவிட்டன, ஃபிராங்க்ஃபர்ட்டில் மாட்டிக்கொண்ட ஆனந்த் வேன் பிடித்து ஏறக்குறைய 40 மணி நேரம் சாலையிலேயே போய்ச் சேர்ந்தார். போட்டி ஒரு நாள்தான் தள்ளிவைக்கப்பட்டது. முதல் ஆட்டத்தில் தோல்வி. பதினோரு ஆட்டம் முடிந்தபோது சமநிலை, கடைசி ஆட்டம் கறுப்புக் காயில் (வெள்ளைதான் முதலில் நகர்த்தும், அதனால் கறுப்புக்குச் சற்றுக் கடினம்), அதை ஜெயித்து 6.5–5.5 என்று பட்டத்தைத் தக்கவைத்தார். எதிராளியின் சொந்த நாட்டில், கறுப்புக் காயில்!

2012-ல் மாஸ்கோவில் கெல்ஃபாண்டை டை-பிரேக்கில், அதாவது சமநிலையை முறிக்க ஆடும் வேக ஆட்டங்களில், வென்றார். 2013-ல் சொந்த ஊரான சென்னையிலேயே நார்வேயின் கார்ல்சனிடம் பட்டத்தை இழந்தார். இனி ஓய்வுதான் என்று பேசியவர்களுக்கு நடுவில் 2014 கேண்டிடேட்ஸ் போட்டியை ஜெயித்து மறுபடி கார்ல்சனோடு மோதப் போனார், தோற்றார், ஆனால் போனார். 2017 கடைசியில் 48 வயதில் ரியாத்தில் உலக ரேபிட் (குறைந்த நேர ஆட்டம்) சாம்பியன்.

குகேஷ் 18 வயதில் எப்படி?

2006 மே 29-ல் பிறந்தார், 2013-ல் ஏழு வயதில் ஆடத் தொடங்கினார். அதே ஆண்டுதான் சென்னையில் ஆனந்த்-கார்ல்சன் போட்டி நடந்தது. 2019 ஜனவரியில் டில்லியில் கிராண்ட்மாஸ்டர் ஆனபோது அவருக்கு 12 வயது 7 மாதம் 17 நாள், அன்றைய உலகச் சாதனையை 17 நாளில் தவறவிட்டார். அப்பா காது மூக்கு தொண்டை மருத்துவர், தன் தொழிலை ஒதுக்கிவைத்துவிட்டு மகனோடு நாடு நாடாகப் போனார். அம்மாவின் சம்பளத்தில் குடும்பம் ஓடியது. மறுபடியும் அதேதான் பாருங்கள், பலமான எதிராளிகளைத் தேடிப் போகிற பயணம், கூடப் போகிற ஒரு பெரியவர்.

2022-ல் மாமல்லபுரத்தில் நடந்த ஒலிம்பியாடில் முதல் எட்டு ஆட்டத்தையும் ஜெயித்து, அணிகளின் முதல் பலகையில் ஆடியவர்களுக்கான தங்கம். 2024 ஏப்ரலில் டொராண்டோவில் கேண்டிடேட்ஸ், 14 ஆட்டத்தில் 9 புள்ளி, அதை ஜெயித்தவர்களிலேயே வயதில் இளையவர். அந்தப் போட்டியில் ஏழாவது சுற்றில் ஃபிரூஸ்ஜாவிடம் நேர நெருக்கடியில் தோற்றார். அந்தத் தோல்விக்குப் பிறகுதான் தனக்குத் தெளிவு வந்தது என்று அவரே பிற்பாடு சொல்லியிருக்கிறார். செப்டம்பரில் புடாபெஸ்ட் ஒலிம்பியாடில் 10 ஆட்டத்தில் 9, இந்திய அணிக்கும் தங்கம், அவருக்கும் தங்கம். டிசம்பர் 12-ல் சிங்கப்பூர் செந்தோசாவில் அப்போதைய உலகச் சாம்பியன், சீனாவின் டிங் லிரனை 7.5–6.5 என்று வென்றார். அதற்கு முன் வயதில் இளைய உலகச் சாம்பியன் காஸ்பரோவ், 1985-ல் பட்டம் வென்றபோது அவருக்கு 22 வயது.

டிங் செய்த தவறால்தானே குகேஷ் ஜெயித்தார்? அதிர்ஷ்டம் என்று சொல்கிறார்களே?

இதை மாமாக் கடையில் உட்கார்ந்து சொல்பவர்கள் அந்தப் பதினான்கு ஆட்டத்தையும் பார்த்திருக்க மாட்டார்கள் என்று நினைக்கிறேன்.

முதல் ஆட்டத்தில் வெள்ளைக் காயோடு தோற்றார் குகேஷ். மூன்றாவதை ஜெயித்துச் சமன் செய்தார், பதினொன்றாவதை ஜெயித்து முன்னால் போனார், பன்னிரண்டாவதில் மோசமாகத் தோற்றார். இப்படி அடி வாங்கிய பிறகு கடைசி ஆட்டம், கறுப்புக் காய். டிங்குக்கு டிரா போதும் போலிருந்தது, டிரா ஆனால் டை-பிரேக்குக்குப் போயிருக்கும். குகேஷிடம் ஒரே ஒரு சிப்பாய் கூடுதல். அந்த நிலையை டிரா செய்வது பெரிய ஆட்டக்காரர்களுக்குக் கடினம் இல்லை, அதனால் பலர் கையைக் குலுக்கிவிட்டுப் போயிருப்பார்கள். குகேஷ் போகவில்லை, மணிக்கணக்கில் அழுத்தம் கொடுத்துக்கொண்டே இருந்தார். 55-வது நகர்த்தலில் டிங் யானையை மாற்றிக்கொள்ளலாம் என்று வைத்தார், யானை போனால் மந்திரியும் மாறிவிடும், மிஞ்சுவது ராஜாவும் சிப்பாய்களும், அந்தக் கணக்கில் அந்த ஒற்றைச் சிப்பாய் ஜெயித்துவிடும். களைத்துப்போன ஒருவர் தவறு செய்யும் வரை கூடவே உட்கார்ந்திருப்பது இந்த ஆட்டத்தின் பெரிய திறமைகளில் ஒன்று.

டிங் தோல்வியை ஒப்புக்கொண்ட பிறகு குகேஷ் அழுதுகொண்டே காய்களையெல்லாம் பழையபடி வரிசையாக அடுக்கி வைத்தார். என் வகுப்புப் பிள்ளைகளுக்கு நான் முதலில் காட்டியது அந்தக் காட்சியைத்தான், ஆட்டத்தை அப்புறம்தான் காட்டினேன்.

என் மகளுக்கு ஆர்வம், ஆனால் பொம்பளைப் பிள்ளை எதற்கு ஊர் ஊராகப் போக வேண்டும் என்கிறார் மாமியார்.

அவரிடம் வைஷாலியைப் பற்றிச் சொல்லுங்கள், அக்கா. வீட்டில் டிவி அதிகம் பார்க்கிறாள் என்று பெற்றோர் சதுரங்கத்தில் சேர்த்துவிட்டது மூத்தவள் வைஷாலியைத்தான். அவளைப் பார்த்துத்தான் தம்பி பிரக்ஞானந்தா ஆட வந்தான். தம்பி 10 வயதிலேயே இன்டர்நேஷனல் மாஸ்டர், 12 வயதில் கிராண்ட்மாஸ்டர், 2023 உலகக் கோப்பையில் நகமுராவையும் கருவானாவையும் தாண்டி இறுதிவரை போய் கார்ல்சனிடம் தோற்றவர், 2025 ஆரம்பத்தில் டாட்டா ஸ்டீல் போட்டியில் குகேஷை டை-பிரேக்கில் வென்றவர். அக்காவுக்குப் பட்டம் வந்தது 2023 டிசம்பரில். உலகத்திலேயே அக்காவும் தம்பியும் கிராண்ட்மாஸ்டர்களான முதல் குடும்பம் அது.

2024 பெண்கள் கேண்டிடேட்ஸில் வைஷாலி தொடர்ந்து நான்கு ஆட்டம் தோற்றார். அந்த நிலையில் பெட்டியைக் கட்டிக்கொண்டு வீட்டுக்குப் போக யாருக்குத்தான் தோன்றாது? அவர் மிச்சமிருந்த ஐந்தையும் வரிசையாக ஜெயித்து இரண்டாம் இடத்தைப் பகிர்ந்துகொண்டார். பெண்கள் கிராண்ட் ஸ்விஸ் போட்டியை 2023-லும் 2025-லும் ஜெயித்தவர். இவர்களின் அம்மா நாகலட்சுமி எந்த நாட்டுக்குப் போனாலும் கூடவே போகிறார்.

இன்னொன்று: பெண்களுக்கென்று தனிப் பட்டம் உண்டு, அதற்கு 2300 போதும். ஆனால் வைஷாலி வாங்கியது எல்லாருக்கும் பொதுவான பட்டம். ஹங்கேரியின் ஜூடிட் போல்கார் 1991-லேயே 15 வயதில் அதை வாங்கி, உலகத் தரவரிசையில் 8-வது இடம் வரை போனார். பெண்கள் பட்டத்தோடு நிறுத்திக்கொள் என்று மகளிடம் யாரையும் சொல்ல விடாதீர்கள்.

உலகில் இப்போது பலமானவர் யார், குகேஷா கார்ல்சனா?

ரேட்டிங்கின்படி நீண்ட காலமாக கார்ல்சன்தான். 2004-ல் 13 வயதில் கிராண்ட்மாஸ்டர், 2013 முதல் 2021 வரை ஐந்து உலகப் பட்டப் போட்டிகளில் வெற்றி, 2014-ல் 2882 ரேட்டிங், அதை இதுவரை யாரும் தொட்டதில்லை. ஆர்வம் இல்லை என்று சொல்லிப் பட்டத்தைக் காக்க வராமல் விட்டார், அதனால்தான் 2023-ல் டிங்கும் நெபோம்னியாச்சியும் ஆட நேர்ந்தது. 2025-ல் நார்வே போட்டியில் குகேஷ் அவரை நிதான ஆட்டத்தில் வென்றார், தோற்ற கார்ல்சன் மேசையை ஓங்கிக் குத்திய அந்தக் காணொளி உங்கள் எல்லார் கைப்பேசியிலும் வந்திருக்கும்.

மகனுக்கு 11 வயது. நேரம் கடந்துவிட்டதா?

12 வயதில் கிராண்ட்மாஸ்டர் ஆக நேரம் கடந்துவிட்டது, ஆமாம். ஆட்டம் கற்றுப் பலமாக வளர நேரம் கடக்கவில்லை. போட்வின்னிக் ஆட்டத்தைக் கற்றதே 12 வயதில், 1948-ல் உலகச் சாம்பியன் ஆனார். காலம் வேறு, இன்றைக்குப் போட்டி கூடுதல், அது உண்மைதான். ஆனால் 18 வயதுக்குள் 2300-க்குக் கீழே இருக்கும் பிள்ளைகளுக்கு ஃபிடே கணக்கில் புள்ளி வேகமாக ஏறும், தன் அளவு ரேட்டிங் உள்ளவரை ஜெயித்தால் ஒரே ஆட்டத்தில் 20 புள்ளி. வேகமாக இறங்கவும் செய்யும், பயந்துவிடாதீர்கள்.

படிப்பு கெட்டுவிடாதா?

ஆனந்த் சென்னை லயோலா கல்லூரியில் வணிகவியல் பட்டம் வாங்கினார். குகேஷ் நான்காம் வகுப்புக்குப் பிறகு முழுநேரப் பள்ளிக்குப் போகவில்லை. இரண்டு வழியும் இருக்கிறது. ஆனால் இரண்டாவது வழியை எடுத்த குடும்பத்தில் அம்மாவின் மருத்துவத் துறைச் சம்பளம் இருந்தது, பையன் ஏற்கெனவே சர்வதேசப் போட்டிகளில் ஜெயித்துக்கொண்டிருந்தான். நம் ஊரில் யாரும் அதைப் பார்த்து எஸ்.பி.எம். தேர்வை விட்டுவிட வேண்டாம் என்று கெஞ்சிக் கேட்டுக்கொள்கிறேன்.

காசு வருமா?

உச்சியில் நன்றாக வரும். சிங்கப்பூர் போட்டியின் மொத்தப் பரிசு 25 லட்சம் அமெரிக்க டாலர், ஜெயிக்கும் ஒவ்வோர் ஆட்டத்துக்கும் 2 லட்சம், மிச்சத்தில் ஆளுக்குப் பாதி. மூன்று ஆட்டம் ஜெயித்த குகேஷுக்கு 13.5 லட்சம், இரண்டு ஜெயித்த டிங்குக்கு 11.5 லட்சம். உச்சிக்குக் கீழே கதை வேறு. பல கிராண்ட்மாஸ்டர்களுக்குச் சோறு போடுவது பயிற்சி கொடுப்பதுதான், போட்டிப் பரிசு டிக்கெட்டுக்கும் தங்கும் செலவுக்கும் சரியாகப் போய்விடும். வருமானத்துக்காகப் பிள்ளையை இதில் இறக்காதீர்கள்.

கைப்பேசியில் ஆடினால் போதாதா?

பலமான எதிராளி கிடைக்காத ஊருக்கு அது பெரிய உதவி, அதை மறுக்கவே மாட்டேன். லிசெஸ் தளம் முழுக்க இலவசம், நள்ளிரவிலும் ஆள் கிடைக்கும். ஆனால் அங்கே வாங்கும் ரேட்டிங் ஃபிடே ரேட்டிங் ஆகாது, மூன்று நிமிட ஆட்டத்தையே ஆடிக்கொண்டிருக்கும் பையனுக்கு நான்கு மணி நேரம் ஒரே நாற்காலியில் உட்காரும் பழக்கம் வராது. பத்துப் பதினைந்து நிமிட ஆட்டம் ஆடச் சொல்லுங்கள், தோற்ற ஆட்டத்தைத் திரும்பப் பார்க்கச் சொல்லுங்கள்.

சரியான நகர்த்தலைக் கணக்கிட்டுச் சொல்லும் கணினி இன்ஜினை உடனே திறக்கவும் விடாதீர்கள். குகேஷின் ஆரம்பப் பயிற்சியாளர் விஷ்ணு பிரசன்னா, கிராண்ட்மாஸ்டர் தரத்துக்கு வரும்வரை அவரை இன்ஜின் இல்லாமலே யோசிக்க வைத்தார். எங்கே தவறினோம் என்று பிள்ளை முதலில் தன் வாயால் சொல்லட்டும், இன்ஜின் அப்புறம்.

சரி சார், எங்கே தொடங்குவது?

பள்ளியில் சதுரங்கக் கழகம் இருந்தால் சேருங்கள், இல்லையென்றால் புறப்பாடப் பொறுப்பாசிரியரிடம் போய்க் கேளுங்கள். பள்ளிகளுக்கான எம்.எஸ்.எஸ்.டி. மாவட்டப் போட்டி, அப்புறம் மாநிலம், அப்புறம் எம்.எஸ்.எஸ்.எம். தேசியப் போட்டி. 12, 15, 18 வயதுக்குட்பட்ட பிரிவுகள் உண்டு. அது ஒரு பக்கம். இன்னொரு பக்கம் ஈப்போவிலும் கோலாலம்பூரிலும் நடக்கும் திறந்த போட்டிகள். ஃபிடே ரேட்டிங் உள்ள போட்டியா என்று அறிவிப்பிலேயே போட்டிருப்பார்கள், அதைப் பார்த்துத் தேர்ந்தெடுங்கள்.

ஒவ்வொரு குடும்பமும் தனித்தனியாகப் போனால் செலவு தாங்காது. நான்கைந்து குடும்பம் சேர்ந்து ஒரு வேன் பேசுங்கள், ஒவ்வொரு மாதமும் வேறொரு அப்பாவோ அம்மாவோ கூடப் போகட்டும். வேலையில் ஷிப்ட் மாற்ற முடியாதவர்கள் பெட்ரோல் காசைப் பகிர்ந்துகொள்ளட்டும். வயதுப் பிரிவில் ஆடிச் சுலபமாகக் கோப்பை வாங்குவதைவிட, திறந்த பிரிவில் பெரியவர்களோடு ஆடி ஒன்பதில் மூன்று புள்ளி எடுத்து வருவது நல்லது என்பது என் கருத்து, சில பெற்றோருக்கு இதில் என்மேல் கோபம் கூட உண்டு.

முதல் போட்டிக்கு என்ன கொண்டுவர வேண்டும்?

இரண்டு பேனா, ஏனென்றால் நீண்ட நேர ஆட்டங்களில் ஒவ்வொரு நகர்த்தலையும் எழுதியாக வேண்டும், எழுதத் தெரியாத பிள்ளை அந்த வாரமே வந்து கற்றுக்கொள்ளட்டும். அந்தத் தாள்களைச் சேர்த்து வைக்க ஒரு கோப்பு. தண்ணீர் போத்தல், வீட்டுச் சாப்பாடு. குளிர்சாதனம் கடுமையாக இருக்கும், ஒரு சட்டை கூடுதலாக வையுங்கள். கைப்பேசியை நீங்களே வாங்கி வைத்துக்கொள்ளுங்கள், ஆட்டம் நடக்கும்போது பிள்ளையிடம் அது இருந்தால் அந்த ஆட்டமே தோல்வியாகிவிடும்.